சாமுராய்ப் படங்களில் சீடர் பயிற்சி: எது சரி, எது பிழை?

மரவாள்:
எந்தச் சாமுராய்ப் படத்திலும் இதே காட்சிதான். சீடன் பொக்கென்னை, அதாவது மரவாளை, ஓங்கியபடி ஓடுகிறான், குரு தட்டிவிடுகிறார், விழுகிறான். பழைய வாள் பள்ளிகளில் நேர் எதிர். அங்கே கற்பது கட்டா, இருவர் சேர்ந்து செய்யும் அசைவு வரிசை. மூத்தவர்தான் உச்சிதாச்சி: முதலில் தாக்குவார், கடைசியில் தோற்பார். எந்த இடைவெளியில், எந்த நொடியில் வெட்டலாம் என்று சீடனுக்கு வழிவிடுவது அவர் வேலை.

திரைக்கண்:
எல்லாவற்றையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள். 1954-இல் வந்த 'ஏழு சாமுராய்' படத்துக்கு வாள் சொல்லிக்கொடுத்தவர் கத்தோரி ஷிண்டோ ரியூ என்ற பழைய வாள் பள்ளியின் ஆசிரியர் சுகினோ யோஷியோ. அதில் தேர்ந்த வாள்வீரனாக வரும் கியூஸோ மோதும் காட்சியில் முதலில் கழி, பிறகு நிஜ வாள். முடிவு ஒரே வீச்சில்.

மரவாள்:
அந்தக் காட்சியை நானும் மதிக்கிறேன். ஆனால் அது தேர்ந்தவனின் சண்டை, பயிற்சி இல்லை. கத்தோரி கட்டாவில் மரமும் மரமும் மோதுவது ஒரு மறைப்பு. உண்மையான குறி மணிக்கட்டு, கழுத்து. படங்கள் அந்த 'டக் டக்' சத்தத்தை மட்டும் எடுத்துக்கொண்டன. காட்சியை நிறுத்திப் பாருங்கள்: யாரும் தடுக்காவிட்டாலும் வாள்முனை எதிராளிக்கு ஓரடி முன்னாலேயே போய்விடும்.

திரைக்கண்:
அந்த ஓரடி பாதுகாப்புக்காக. ஒரே காட்சியைப் பல முறை எடுக்கும்போது கை தவறினால் மரவாளும் எலும்பை உடைக்கும். தொலைவு லென்ஸ் போட்டால் இடைவெளி சுருங்கித் தெரியும்.

மரவாள்:
கேமரா ஒருவர் முதுகுக்குப் பின்னால் இருந்தால் சரி. பக்கவாட்டில் வைத்தால் எந்த லென்ஸும் மறைக்காது.

தோலுறை:
காலப்பிழையையும் பாருங்கள். 16-ஆம் நூற்றாண்டுக் கதையில் சீடர்கள் கெண்டோ (இன்றைய ஜப்பானிய வாள் விளையாட்டு) முகக்கவசம் போட்டு மோதக்கூடாது. கவசப் பயிற்சி பரவியது 18-ஆம் நூற்றாண்டில். அதற்கு முன் ஷின்காகே ரியூ பள்ளியில் பிளந்த மூங்கிலைத் தோலுறையில் நுழைத்த ஃபுகுரோ ஷினாய் உண்டு, பெரும்பாலும் மரவாள்தான்.

மரவாள்:
சரியான குறிப்பு. வாளை உருவுவது இன்னும் மோசம். ஏறக்குறைய 70 செ.மீ. நீளமான வாளலகு வலக்கை இழுப்பில் மட்டும் சுத்தமாக வெளிவராது. இடக்கை உறையைப் பின்னால் இழுக்க வேண்டும், அதுதான் சயாபிக்கி. கோணம் பிசகினால் கூர் உறைவாயின் மரத்தை அறுத்து இடக்கை விரலில் இறங்கும். படப்பிடிப்பில் இருப்பது வெள்ளித்தாள் ஒட்டிய மூங்கில் வாள். கூரும் இல்லை, எடையும் இல்லை.

திரைக்கண்:
உருவுவதில் நீங்கள் சொல்வது சரி. இடைவெளி விஷயத்தில் ஒப்புக்கொள்ள மாட்டேன். மூங்கில் வாளைக் கொடுத்துவிட்டு நெருங்கி வெட்டச் சொன்னால் நடிகருக்குக் கண் போகும்.