மூன்று நிலாக்கள் ஒரே கோட்டில்: கணக்கில் உதவி வேண்டும்

வணக்கம். நான் எழுதும் மாயாஜால நாவலின் உலகத்துக்கு மூன்று நிலாக்கள். மூன்றும் ஒன்றுக்குப் பின்னால் ஒன்று ஒளிந்து ஒன்றாகத் தெரியும் இரவில், உப்பளப் பாத்தியில் தேங்கிய நீரில் ஒரு பாட்டி ஒற்றை நிலாவைப் பார்க்கிறாள். அந்தக் காட்சிக்காகத்தான் கதையே எழுதுகிறேன்.

சுற்றும் காலத்தை 8, 15, 28 நாள் என்று வைத்தேன். மீச்சிறு பொது மடங்கு 840 நாள்; அதாவது அத்தனை நாளுக்கு ஒரு முறை மூன்றும் சேரும். நம் கணக்கில் இரண்டரை வருஷம்கூட இல்லை. எனக்கு வேண்டியது ஆயுளில் ஒரே முறை. வியாழனின் நிலாக்களான அயோ, யுரோப்பா, கனிமீடு சுற்றும் காலங்கள் 1:2:4 விகிதத்தில் இருக்கின்றன. அவை மூன்றும் ஒரே பக்கம் சேர்வதே இல்லை. சரி, அது ஆகாது.

நம் நிலாவின் பாதை, பூமி சூரியனைச் சுற்றும் தளத்துக்குச் சுமார் 5 பாகை சாய்ந்திருப்பதால்தான் மாதாமாதம் கிரகணம் வருவதில்லை. அப்படிச் சாய்வு கொடுத்தால் இடைவெளி எவ்வளவு கூடும்? தெரிந்தவர்கள் வழி சொல்லுங்கள். அப்புறம், அன்று கடல் எவ்வளவு ஏறும் என்பதையும்.