குடும்பக் குழுவில் மாயா நாகரிகப் பேச்சு

அத்தை: நேற்று டிவியில், மத்திய அமெரிக்காவில் பழங்காலத்தில் வாழ்ந்த மாயா மக்களின் நகரங்களைப் பற்றி நேஷனல் ஜியோகிராபிக் படம் பார்த்தேன். குவாத்தமாலா காட்டுக்கு மேல் விமானம் பறக்கிறது. கணினித் திரையில் மரங்கள் மறைந்து பிரமிடும் சாலையும் தெரிகின்றன. நித்யா, நீ தொல்லியல்தானே படிக்கிறாய், இதெல்லாம் நிஜமா?

நித்யா: நிஜம்தான் அத்தை. அதற்கு லைடார் என்று பெயர். விமானத்திலிருந்து லேசர் துடிப்புகளை அனுப்புவார்கள். இலை இடுக்கு வழியாகத் தரையைத் தொட்டுத் திரும்பியவற்றை மட்டும் பிரித்தெடுத்தால் மேடு பள்ளம் தெரிந்துவிடும். குவாத்தமாலாவின் வடக்கே இருக்கிற பெத்தேன் பகுதியில் 2,100 சதுர கிலோமீட்டரை அளந்தார்கள். 60,000-க்கு மேல் கட்டுமானங்கள்! 2018-இல் வெளியிட்டார்கள்.

பெரியப்பா: படத்தில் பேசுகிறவர்கள் தோண்டுகிறவர்களா, சும்மா பேச வந்தவர்களா?

நித்யா: தொகுப்பாளர் ஆல்பர்ட் லின் பொறியியல் படித்தவர் பெரியப்பா. ஆனால் அதில் வருகிற பிரான்சிஸ்கோ எஸ்ட்ராடா-பெல்லி தோண்டுகிறவர்தான். ஹோல்முல் என்ற இடத்தில் 2000 முதல் வேலை செய்கிறார். 1911-இல் ஹார்வர்டு ஆள்கள் தோண்டிவிட்டுப் போன ஊர் அது.

சித்தி: அத்தனை வருடம் ஒரே இடத்திலா?

நித்யா: ஆமாம் சித்தி. 2013-இல்தான் அங்கே ஒரு பிரமிடுக்குள் 8 மீட்டர் நீளச் சுதைச் சிற்பம் கிடைத்தது. சிவப்பு, நீலம், பச்சை, மஞ்சள் நிறங்கள்கூட மிச்சம் இருந்தன. மாயாக்கள் பழைய கட்டடத்தை மூடி அதன் மேலேயே புதியதைக் கட்டுவார்கள். அதனால்தான் சுமார் 590-ஆம் ஆண்டுச் சிற்பம் மழையில் கரையாமல் பிழைத்தது. கீழே எழுத்தும் இருக்கிறது, நரஞ்ஹோ என்ற மாயா நகரத்து அரசன் ஒருவனின் பெயரோடு. அவன் பாம்பு அரச வம்சத்துக்கு அடங்கியவன். படத்தில் பாம்பு ராஜாக்கள் என்று சொல்வது அந்த வம்சத்தைத்தான்.

பெரியப்பா: அப்படியானால் படத்தில் நிமிடக்கணக்கில் வருவதற்குப் பின்னால் அவ்வளவு வேலை இருக்கிறது.

நித்யா: அதனால்தான் எஸ்ட்ராடா-பெல்லி பேசினால் நான் நம்பிக் கேட்பேன். எனக்கும் அப்படி ஆக வேண்டும், முதலில் மண்ணில் வேலை, அப்புறம் கேமரா.

அத்தை: சரி, அந்த ஜனங்கள் மாயமாக மறைந்துவிட்டார்கள் என்கிறார்களே?

நித்யா: அந்தப் பேச்சுதான் எனக்குக் கோபம் வரவழைக்கிறது அத்தை. 9-ஆம் நூற்றாண்டில் வறட்சி, போர் என்று தெற்கு நகரங்கள் காலியாயின. அதன் பிறகும் வடக்கே சிச்சென் இட்சா என்ற மாயா நகரம் செழித்தது. அதே பெத்தேனில் இட்சா என்ற மாயா பிரிவினரின் தலைநகரை ஸ்பானியர் பிடித்ததே 1697-இல்தான். இன்றைக்கும் குவாத்தமாலாவிலும் மெக்சிகோவிலும் பல லட்சம் பேர் மாயா மொழிகள் பேசுகிறார்கள். அகழ்வாய்வுக் குழிகளில் மண் அள்ளுகிறவர்களில் பலர் அவர்கள்தான். அவர்களையும் படத்தில் பேச விட வேண்டும்.

சித்தி: இதை யாருமே சொன்னதில்லையே! நித்யா, ஞாயிறு மாலை வீட்டுக்கு வா. சேர்ந்து பார்ப்போம், நடுநடுவே நிறுத்திச் சொல்லு.

பெரியப்பா: நானும் வருகிறேன். அந்தச் சிற்பத்தின் போட்டோ இருந்தால் இங்கே போடு அம்மா.