இலங்கை 2022-இல் கைவிரித்த மாதிரி நம் மலேசியாவுக்கும் வருமா? சேமநிதிப் பணம் என்ன ஆகும்?

சிப்புட் வாசகன்:
எல்லாருக்கும் வணக்கம். சுங்கை சிப்புட் பக்கம் தோட்டத்தில் வேலை செய்து ஓய்வுபெற்றவர்கள் நடுவே ஒரு பயம் பரவிக்கொண்டிருக்கிறது. அரசாங்கக் கடன் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 60 விழுக்காட்டைத் தாண்டிவிட்டதாம், இலங்கை மாதிரி இங்கேயும் நடக்குமாம், ஊழியர் சேமநிதியில் (இபிஎஃப்) கிடப்பதை எடுத்து நகையாகவோ டாலராகவோ மாற்றிவிட வேண்டுமாம். வாட்ஸ்அப்பில் குரல்பதிவுகள் சுற்றுகின்றன. 55 வயது தாண்டிய சிலர் மொத்தத்தையும் எடுக்கக் கிளம்பிவிட்டார்கள். ஒரு நாடு எப்படிக் கடன் தவறுகிறது? 1998-இல் வெள்ளி (ரிங்கிட்) விழுந்ததும் இதே வகைதானா? சேமநிதியில் கை வைப்பார்களா? விவரம் தெரிந்தவர்கள் எழுதினால் அச்செடுத்துக் கோயில் மண்டபத்தில் ஒட்டிவிடுவோம்.

கணக்காயர்:
60 விழுக்காடு என்ற எண்ணை மட்டும் வைத்துக்கொண்டு எதையும் சொல்ல முடியாது. ஜப்பானின் கடன் அதன் ஓராண்டு உற்பத்தியைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல். ஆனால் ஏறக்குறைய எல்லாமே யென்னில் வாங்கியது, அதனால் தவறவில்லை. எந்த நாணயத்தில் வாங்கினார்கள், எப்போது திருப்ப வேண்டும், அந்தத் தேதியில் அந்த நாணயம் கையில் இருக்குமா என்பதுதான் கேள்வி.

இலங்கையை எடுத்துக்கொள்ளுங்கள். 2019 கடைசியில் மதிப்புக்கூட்டு வரியை 15 விழுக்காட்டிலிருந்து 8-ஆகக் குறைத்தார்கள். அரசு வருவாய் சரிந்தது. 2020-இல் பெருந்தொற்று வந்து சுற்றுலா படுத்தது. ஒரு நாடு கடனைத் திருப்பிக் கட்டுமா என்று தரம் போடும் நிறுவனங்கள் இலங்கையின் தரத்தைக் கீழே இறக்கின. அரசு பத்திரம் விற்றுத்தான் கடன் வாங்குகிறது. பழைய பத்திரம் முதிரும்போது புதுப் பத்திரம் விற்று அதை அடைப்பது எல்லா அரசுகளும் செய்வது. தரம் இறங்கியதும் இலங்கையின் புது டாலர் பத்திரத்தை வாங்க ஆள் இல்லை. மிச்சம் இருந்த ஒரே வழி கையிருப்பு, அதாவது மத்திய வங்கி சேர்த்து வைத்திருக்கும் வெளிநாட்டு நாணயம். 2019 இறுதியில் சுமார் 7.6 பில்லியன் டாலராக இருந்தது 2022 மார்ச்சில் 1.9 பில்லியனுக்கு வந்துவிட்டது. அதிலும் 1.5 பில்லியன் அளவு சீன மத்திய வங்கியோடு செய்த நாணயப் பரிமாற்ற ஏற்பாடு, நினைத்தபடி செலவழிக்க முடியாதது. இந்த நிலையிலும் 2022 ஜனவரியில் முதிர்ந்த 500 மில்லியன் டாலர் பத்திரத்தை முழுசாகக் கட்டினார்கள். மருந்துக்கும் சமையல் எரிவாயுவுக்கும் வைத்திருக்க வேண்டிய டாலர் அது. அதைக் கட்டியிருக்கவே கூடாது என்பது என் முடிவு.

இதற்குள் ரூபாயை டாலருக்கு 200 – 203 என்று இழுத்துப் பிடித்திருந்தார்கள். வங்கிக்கு வெளியே டாலருக்குக் கூடுதல் விலை கிடைத்ததால் வளைகுடாவில் வேலை செய்தவர்கள் உண்டியல்காரர் வழியாக அனுப்பத் தொடங்கினார்கள். 2020-இல் 7.1 பில்லியன் டாலராக இருந்த வெளிநாட்டுச் சம்பள வரவு 2021-இல் 5.5 பில்லியனாகக் குறைந்தது. 2022 மார்ச்சில் பிடியை விட்டதும் ரூபாய் சில வாரங்களில் 360 வரை போனது. ஏப்ரல் 12-இல் வெளிக்கடன் கட்டுவதை நிறுத்துகிறோம் என்று அறிவித்தார்கள். 78 மில்லியன் டாலர் வட்டிக்கான சலுகைக் காலம் மே 18-இல் முடிந்தது. முறைப்படி தவறியது அன்றுதான்.

நம் கூட்டரசுக் கடனில் 97 விழுக்காட்டுக்கு மேல் வெள்ளியில் வாங்கியது. இந்தக் கடனைக் கொடுத்தவர்களில் பெரிய பங்கு சேமநிதி, காப்புறுதி நிறுவனங்கள், உள்ளூர் வங்கிகள். வெளிநாட்டவர் கையில் உள்ளதும் வெள்ளிப் பத்திரம்தான். அவர்கள் விற்றுவிட்டுப் போனால் வெள்ளியின் மதிப்பு இறங்கும், வட்டி ஏறும். ஆனால் டாலர் இல்லாமல் அரசாங்கம் முடங்குகிற நிலை அதனால் வராது.

சொந்த நாணயக் கடன் என்றால் கவலையே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. 1998 ஆகஸ்டில் ரஷ்யா ரூபிளில் வாங்கிய குறுகியகாலப் பத்திரங்களையே கட்டாமல் நின்றது. மறுபடி மறுபடி புதுப்பிக்க வேண்டிய குறுங்கடன் மிகுந்து, வட்டியும் எகிறினால் அச்சடித்துக் கட்டுவதும் அழிவு, கட்டாமல் விடுவதும் அழிவு. அதனால் நம் நாட்டில் பார்க்க வேண்டியது 60-ஐ அல்ல, வருவாயில் வட்டிக்குப் போகும் பங்கை. அரசாங்கத்துக்கு வரும் ஒவ்வொரு வெள்ளியிலும் ஏறக்குறைய 15, 16 சென் வட்டிக்கே போகிறது. பள்ளிக்கூடத்துக்கும் மருத்துவமனைக்கும் போக வேண்டிய காசு இது. இதைப் பற்றி யாரும் குரல்பதிவு போடுவதில்லை.

பழைய கிராணி:
தம்பி, 1998 வேறு கணக்கு. அங்கே மாட்டியது அரசாங்கங்களின் கடன் இல்லை, தனியார் கம்பெனிகளும் வங்கிகளும் வெளியில் வாங்கிய குறுகியகால டாலர் கடன். தாய்லாந்தில் கையிருப்பு 30 பில்லியன் டாலருக்கு மேல் என்று கணக்கில் காட்டிக்கொண்டிருந்தார்கள். ஆனால் தங்கள் நாணயமான பாட்டைத் தாங்குவதற்காக முன்கூட்டியே விற்பதாக ஒப்புக்கொண்ட டாலரைக் கழித்தால் 3 பில்லியன்கூட மிஞ்சவில்லை. 1997 ஜூலை 2-ஆம் தேதி பாட்டின் விலையைப் பிடித்து வைக்காமல் சந்தையில் மிதக்க விட்டார்கள். டாலருக்கு 2.50 அளவில் இருந்த நம் வெள்ளி 1998 ஜனவரியில் 4.88 வரை போனது.

அப்போது தாய்லாந்து, இந்தோனேசியா, தென்கொரியா மூன்றிலும் ஓராண்டுக்குள் கட்ட வேண்டிய வெளிக்கடன் கையிருப்பைவிட அதிகம். இங்கே அப்படி இல்லை. வெளிநாட்டு வருமானம் இல்லாத கம்பெனிகள் டாலரில் கடன் வாங்குவதற்கு நம் மத்திய வங்கியான பேங்க் நெகாரா முன்பிருந்தே கடிவாளம் போட்டிருந்தது. அதனால்தான் நெருக்கடியில் உள்ள நாடுகளுக்குக் கடன் தரும் ஐஎம்எஃப்-இன் கடன் வேண்டாம் என்று சொல்ல நம்மால் முடிந்தது.

1998 செப்டம்பர் 1-இல் மூலதனக் கட்டுப்பாடு வந்தது, மறுநாள் வெள்ளியின் மதிப்பை டாலருக்கு 3.80 என்று நிலையாகக் கட்டினார்கள். பலர் 3.80-ஐ மட்டும் நினைவில் வைத்திருக்கிறார்கள். கட்டுப்பாடு இல்லாமல் அந்த 3.80 ஒரு மாதம்கூட நின்றிருக்காது. சிங்கப்பூரில் நடந்த வெள்ளி வியாபாரத்தை நிறுத்தினார்கள், வெளிநாட்டார் பங்கு விற்ற பணத்தை 12 மாதம் வெளியே கொண்டுபோகத் தடை போட்டார்கள், அடுத்த ஆண்டு 500, 1,000 வெள்ளி நோட்டுகளைச் செல்லாததாக்கினார்கள். வங்கிகளின் வாராக்கடனை வாங்க டானாஹர்த்தா, வங்கிகளுக்கு மூலதனம் போட டானாமோடால். இவ்வளவும் செய்தும் அந்த ஆண்டு பொருளாதாரம் 7.4 விழுக்காடு சுருங்கியது. 3.80 நீங்கியது 2005 ஜூலையில்.

நிலைமையை நீங்களே பார்க்க வழி இருக்கிறது. பேங்க் நெகாரா மாதம் இருமுறை, 15-ஆம் தேதிக் கணக்கும் மாதக் கடைசிக் கணக்கும், கையிருப்பை வெளியிடுகிறது. அதில் இரண்டு எண் பாருங்கள். ஒன்று, எத்தனை மாத இறக்குமதிக்குப் போதும் என்பது. 3 மாதத்துக்குக் கீழே போனால் ஆபத்து. இன்னொன்று, குறுகியகால வெளிக்கடனைப்போல் எத்தனை மடங்கு என்பது. 1-ஐ ஒட்டியோ மேலேயோ இருப்பது நல்லது. நமக்கு 0.9, 1.0 என்று வரும். அந்தக் கடனில் பெரும்பகுதி வங்கிகளுடையது, அவற்றுக்கு வெளிநாட்டில் சொத்தும் உண்டு. அதனால் 0.9 என்றதும் பதற வேண்டாம்.

வைப்புப் பெட்டி:
சேமநிதி பற்றிய பயத்துக்கு இலங்கையிலேயே முன்னுதாரணம் இருக்கிறது. அதை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும்.

கடன் தவறிய பிறகு நடப்பது ஒரு நீண்ட பேரம். நிதி ஆலோசகர், வழக்கறிஞர் வைப்பார்கள். ஐஎம்எஃப் அதிகாரிகளோடு உடன்பாடு, இலங்கைக்கு அது 2022 செப்டம்பர் 1. கடன் கொடுத்த அரசுகளிடம் உறுதி வாங்க வேண்டும். அதன் பிறகே ஐஎம்எஃப் வாரியம் ஒப்புதல் தரும், அது 2023 மார்ச் 20, தொகை சுமார் 3 பில்லியன் டாலர். தனியார் பத்திரக்காரர்களோடு மாற்றம் முடிந்தது 2024 டிசம்பரில்தான். இதற்கிடையே 2022 ஜூலையில் முதிர வேண்டிய பத்திரத்தில் கால் பங்குக்கு மேல் வைத்திருந்த ஒரு வங்கி நியூயார்க்கில் வழக்கும் போட்டது. முக்கால் பங்கு வைத்திருப்போர் ஒத்துக்கொண்டால் எல்லாரையும் கட்டுப்படுத்தும் விதியை, ஒரே பத்திரத்தை வளைத்துப் பிடித்தவர் தடுத்துவிடலாம்.

உள்நாட்டுக் கடனையும் 2023-இல் மாற்றியமைத்தார்கள். வங்கிகள் நொறுங்கக் கூடாது என்று அவற்றின் கருவூலப் பத்திரங்களைத் தொடவில்லை. சேமநிதி போன்ற ஓய்வூதிய நிதிகளின் பத்திரங்களை நீண்டகாலப் பத்திரங்களாக மாற்றினார்கள். முதலில் 12 விழுக்காடு வட்டி, பிறகு 9. மறுத்தால் வருமான வரி 14-க்குப் பதில் 30 விழுக்காடு. கணக்கில் இருந்த ரூபாய் குறையவில்லை. ஆனால் கொழும்பில் விலைவாசி 2022 செப்டம்பரில் ஓராண்டில் 70 விழுக்காடு ஏறியிருந்தது, சேமிப்பின் பலம் கரைந்தது அதில்தான். தேயிலைத் தோட்டத் தொழிலாளியின் சேமநிதியும் இந்தக் கணக்கில்தான் வந்தது. பாரத்தை இவர்கள் தலையில் இறக்கியது அநியாயம் என்றே நான் நினைக்கிறேன்.

இங்கே அந்தக் கட்டம் அருகில் இல்லை. சட்டப்படி வழக்கமான சேமநிதிக் கணக்குக்கு ஆண்டுக்குக் குறைந்தது 2.5 விழுக்காடு லாப ஈவு உத்தரவாதம். ஷரியா கணக்குக்கு அந்த உத்தரவாதம் கிடையாது. சேமநிதி தன் பணத்தில் ஒரு பகுதியை வெளிநாட்டிலும் போட்டிருக்கிறது, வெள்ளி இறங்கினால் அந்தப் பகுதியின் மதிப்பு வெள்ளிக் கணக்கில் ஏறும். எடுத்து வங்கியில் போடுவோருக்கு: பிஐடிஎம் (வங்கி வைப்புத்தொகைக்குக் காப்புறுதி தரும் அமைப்பு) தரும் காப்பு ஒருவருக்கு ஒரு வங்கிக்கு 250,000 வெள்ளி வரை, அசலும் வட்டியும் சேர்த்து. நகை வாங்கினால் செய்கூலி போய்விடும், அடகுக் கடையில் வட்டி தனி. உரிமம் இல்லாதவரிடம் டாலர் வாங்காதீர்கள், கள்ள நோட்டு வந்தால் கேட்க நாதி இல்லை.

சிப்புட் வாசகன்:
மிக்க நன்றி. இன்னொன்று கேட்கிறார்கள். வெள்ளி இறங்கினால் செம்பனைக்கு நல்லது என்று சிறுதோட்டக்காரர்கள் சொல்கிறார்களே?

பழைய கிராணி:
பாதி சரி. உலகச் சந்தையில் கச்சா செம்பனை எண்ணெய் டன் 1,000 டாலர் என்று வையுங்கள். டாலருக்கு 4.20 வெள்ளி என்றால் 4,200 வெள்ளி, 4.80 என்றால் 4,800. எண்ணெய் பிழிவு 20 விழுக்காடு என்றால் 1 டன் குலையில் 200 கிலோ எண்ணெய். அதாவது 840 வெள்ளி 960 ஆகிறது, ஆலைச் செலவைக் கழிக்கும் முன். ஆனால் பொட்டாஷ் உரம் முழுவதும் இறக்குமதி, அதன் விலையும் சேர்ந்து ஏறும். உரத்தைக் குறைத்தால் அதன் அடி அடுத்த ஆண்டும் அதற்கடுத்த ஆண்டும் குலையில் தெரியும். சொந்த நிலம் இல்லாமல் கூலிக்கு வெட்டுகிறவருக்குக் குலை விலையில் வரும் கூடுதல் சிறிது. கடையில் பருப்பும் வெங்காயமும் ஏறுவது முழுசாக அவர் தலையில்.

கணக்காயர்:
அச்செடுக்கும்போது ஐஎம்எஃப் என்பதற்குப் பக்கத்தில் அனைத்துலகப் பண நிதியம் என்று சேர்த்துவிடுங்கள். பேங்க் நெகாராவின் புதுக் கையிருப்பு எண்ணை எழுத அடியில் இடம் விடுங்கள், மாதம் இருமுறை மாற்றலாம்.