'கடைசிக் கட்டம்' சாட்சியமா, பிரச்சாரமா?

வெண்திரை: போலந்து இயக்குநர் வாண்டா யாகுபோவ்ஸ்காவின் 'கடைசிக் கட்டம்' (1948) படத்தை அவுஷ்விட்ஸ் நாஜி வதைமுகாமின் சாட்சியம் என்று இங்கே பலர் கொண்டாடுகிறீர்கள். எனக்கு ஒப்பவில்லை. படத்தின் நாயகி, கைதி மார்த்தா தூக்குமேடையில் நிற்கும்போது, மீட்பின் அறிகுறியாக வானில் விமானங்கள் வந்துவிடுகின்றன. அந்தப் பாத்திரத்துக்கு முன்மாதிரியான நிஜக் கைதி மாலா ஸிமெட்பாம் முகாமிலிருந்து தப்பியோடிப் பிடிபட்டு, 1944இல் கொல்லப்பட்டார். அவருக்காக எந்த விமானமும் வரவில்லை. சோவியத் செம்படை முகாமை அடைந்ததே 1945 ஜனவரி 27இல்தான்.

மல்லிகா: ஐயா, கடைசி ஐந்து நிமிடத்தை வைத்து முழுப் படத்தையும் தள்ளிவிடாதீர்கள். வாண்டா 1942இல் கைதாகி, அதே முகாமில் அடைபட்டவர். 1947இல் அவுஷ்விட்ஸின் ஒரு பகுதியான பிர்கெனாவுக்கே திரும்பிப் போய்ப் படம் எடுத்தார். உயிர் பிழைத்த கைதிகளும் அதில் நடித்தார்கள். கைதிகள் கணக்கெடுப்புக்கு வரிசையில் நிற்கும்போது ஒருத்திக்குப் பிரசவவலி வருகிறதே, பக்கத்துப் பெண்கள் அவளைத் தாங்கிக்கொண்டு நிற்கிறார்களே, அதைப் பாருங்கள். அந்த வரிசையில் நின்றவருக்குத்தான் அது தெரியும்.

வெண்திரை: அனுபவித்தவர் என்பதால் கேள்வி கேட்கக் கூடாதா, அம்மா? அங்கே மாண்ட சுமார் 11 லட்சம் பேரில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் யூதர்கள். படமோ கம்யூனிஸ்ட் தோழமையைத்தான் நடுவில் வைக்கிறது. வாண்டா கடைசிவரை கம்யூனிஸ்ட்.

ஆற்றங்கரை: இடையில் ஒன்று. பிரெஞ்சு இயக்குநர் அலென் ரெனே எடுத்து 1956இல் வெளிவந்த, வதைமுகாம்களைப் பற்றிய 'இரவும் மூடுபனியும்' ஆவணப்படத்தில் இந்தப் படத்தின் காட்சிகளும் சேர்ந்திருக்கின்றன. நடித்து எடுத்ததை உலகம் நிஜமாகவே பார்த்துவிட்டது. வெண்திரை கவலைப்பட வேண்டியது இதற்குத்தான் என்பேன்.

மல்லிகா: யூதர்களைப் பற்றிச் சொன்னது நியாயம், ஏற்கிறேன். விமானங்களும் பொய்தான். ஆனால் கைதிகள் போலிஷ், ஜெர்மன், ரஷ்யன், பிரெஞ்சு என்று அவரவர் மொழியிலேயே பேசுகிறார்கள். வெறும் பிரச்சாரத்துக்கு எல்லோரையும் ஒரே மொழியில் பேசவைத்திருந்தால் போதாதா? திரைக்கதையை அவரோடு சேர்ந்து எழுதிய கெர்டா ஷ்னைடரும் ஜெர்மன் கைதிதான். இன்னொன்று: வாண்டா போருக்கு முன் எடுத்த 'நேமன் நதிக்கரையில்' திரைக்கு வருமுன்னே போரில் அழிந்துபோனது. அதன் பிறகு அவர் எடுத்த முதல் முழுநீளப் படம் இது.

வெண்திரை: மொழிகளை நான் கவனிக்கவில்லை. அதற்காக மறுபடி பார்க்கிறேன். விமானங்களை மட்டும் என்னால் மன்னிக்க முடியாது.