புதுப்பிப்பு: கோழி, ஆடு, கால் கணக்கு
போன வாரம் கேட்டிருந்தேனே, நாலாம் ஆண்டு படிக்கும் மகளுக்கு, கோழியும் ஆடும் சேர்ந்து 20 தலை, 56 கால் என்ற கணக்கை எக்ஸ், ஒய் இல்லாமல் எப்படிப் புரியவைப்பது என்று. எல்லாமே கோழி என்று வைத்துக்கொள்ளச் சொன்னவருக்கு ரொம்ப நன்றி! 20 வட்டம் வரைந்து இரண்டிரண்டு கால் போட்டாள், 40 ஆயிற்று, மிச்சம் 16 காலையும் ஜோடி ஜோடியாக ஒட்டினால் எட்டு வட்டம் ஆடாகிவிட்டது, கோழி 12.

அப்புறம் பினாங்கில் எங்கள் பக்கத்து வீட்டுச் சீன அங்கிள் அவர்களுடைய பழைய கணக்கு ஒன்றைக் கொடுத்தார்: கோழியும் முயலும், 35 தலை, 94 கால். எல்லாம் பாதிக் காலைத் தூக்கினால் தரையில் 47, இப்போது கோழிக்கு ஒரு கால், முயலுக்கு இரண்டு, அதில் தலைக்கு ஒன்றாக 35 போக 12 முயல், மீதி 23 கோழி. எவ்வளவு அழகு! மகள் இன்னும் வட்டம்தான் வரைகிறாள், வரையட்டும்.