கல்யாணத்துக்குள் கோர்ட்டுக்கு என்ன வேலை?

மீனாட்சிபுரத்தான்:
போன மாதம் எங்கள் தெருவில் நடந்தது. பெண்ணுக்கு 22, பையனுக்கு 26, வேறு வேறு சாதி. மகளைக் காணோம் என்று அப்பா போலீஸில் எழுதிக் கொடுத்தார். பெண் கோடதியில் வந்து நின்று, "நானாகத்தான் போனேன்" என்று ஒரு வரி சொன்னது. ஐந்து நிமிடத்தில் முடிந்துவிட்டது. அப்பா வெளியே மரத்தடியில் உட்கார்ந்திருந்தார். டீ வாங்கிக் கொடுத்தேன், குடிக்கவில்லை. 22 வருடம் வளர்த்தவரிடம் ஒரு வார்த்தை கேட்கக் கூடாதா? குடும்ப விஷயத்தில் நீதிபதி எதற்கு?

வேலந்தாவளம் அக்கா:
அண்ணா, அப்பாவிடம் கேட்டுத் தீர்ப்பு எழுதியும் பார்த்தாகிவிட்டது. வைக்கத்துப் பெண்ணின் வழக்கு நினைவிருக்கிறதா? சேலத்தில் ஹோமியோபதி படித்தவர், வயது 24, மதம் மாறிக் கல்யாணம் செய்துகொண்டார். அப்பா போட்ட ஆட்கொணர்வு மனுவில், 2017 மே மாதம் கேரள உயர் நீதிமன்றம் அந்தக் கல்யாணமே செல்லாது என்றது. 24 வயதுப் பெண் பலவீனமானவள், எளிதில் ஏமாற்றப்படக் கூடியவள் என்று தீர்ப்பிலேயே எழுதினார்கள். அப்புறம் மாதக்கணக்கில் போலீஸ் காவலோடு அப்பா வீட்டில் இருந்தார். நவம்பரில்தான் உச்ச நீதிமன்றம் அவரைப் படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பியது. 2018 மார்ச் 8-ல் கல்யாணம் செல்லும் என்றது. யாரையாவது அடைத்து வைத்திருக்கிறார்களா என்று பார்க்கத்தான் ஆட்கொணர்வு மனு. மாப்பிள்ளை நல்லவனா என்று விசாரிக்க இல்லை. உங்கள் தெருப் பெண்ணுக்கு ஐந்து நிமிடத்தில் முடிந்தது என்றால், அதற்கான விலையை இன்னொரு பெண் கொடுத்திருக்கிறார்.

எருத்தேம்பதி வாத்தியார்:
அம்மா சொல்வது சரி. ஆனால் வயது என்று ஒன்று இருக்கிறதே? பையனுக்கு 21 ஆகாவிட்டால்?

வேலந்தாவளம் அக்கா:
அதுவும் கேரள வழக்குதான் ஐயா. பையனுக்கு 21 ஆகவில்லை என்று பெண்ணை உயர் நீதிமன்றம் அப்பாவோடு அனுப்பியது. 2018 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. இருவருக்கும் 18 முடிந்துவிட்டது. கல்யாணமாகவே இல்லாவிட்டாலும் சேர்ந்து வாழ உரிமை உண்டு என்றது.

மீனாட்சிபுரத்தான்:
அப்படியென்றால் பெற்றவர்கள் சோறு போட மட்டும்தானா?

கோவிந்தாபுரம் பஸ்காரன்:
இரண்டு பேரும் கோர்ட்டைப் பெரிதாக்குகிறீர்கள். எனக்கும் வேறு மதத்தில்தான் கல்யாணம், 1954-ம் வருட சிறப்புத் திருமணச் சட்டப்படி. அறிவிப்பு கொடுத்து 30 நாள் காத்திருக்க வேண்டும். அதைப் பலகையில் ஒட்டுவார்கள். நிரந்தர முகவரி வேறு மாவட்டம் என்றால் அங்கேயும் ஒரு நகல் போகும். நாங்கள் காலையில் கொடுத்தோம், சாயங்காலம் மாமனார் கையில் விஷயம் இருந்தது. யார் சொன்னார்கள் என்று இன்றுவரை தெரியாது. அந்த 30 நாளும் நான் வீட்டில் தூங்கவில்லை. கேரள எல்லை தாண்டிப் பொள்ளாச்சிப் பக்கம் போய் மாலை மாற்றிக்கொள்ளலாமே என்றார்கள். தமிழ்நாட்டின் சுயமரியாதைத் திருமணப் பிரிவு இருவரும் இந்துவாக இருந்தால்தான் உதவும்.

சாதி மாறிய கல்யாணங்களைக் காப்பாற்ற மாவட்டந்தோறும் தனிப் பிரிவு வேண்டும், பாதுகாப்பு இல்லம் வேண்டும் என்று 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அழகாகச் சொன்னது. 2020 கிறிஸ்துமஸ் அன்று நம் பாலக்காட்டில், தேங்குறிச்சியில், கல்யாணமாகி மூன்று மாதம்கூட ஆகாத பையனை வெட்டிக் கொன்றார்கள். பெண்ணின் அப்பாவுக்கும் மாமாவுக்கும் ஆயுள் தண்டனை வந்தது 2024-ல். கோர்ட் வரும். பிணத்துக்குப் பின்னால் வரும்.

வேலந்தாவளம் அக்கா:
தம்பி, அது கோர்ட்டின் குற்றமா, சொன்னதைச் செய்யாதவர்களின் குற்றமா?

கோவிந்தாபுரம் பஸ்காரன்:
வெட்டுப்பட்டவனுக்கு இரண்டும் ஒன்றுதான் அக்கா.

எருத்தேம்பதி வாத்தியார்:
மீனாட்சிபுரத்தாரே, தேங்குறிச்சியைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லையே?

மீனாட்சிபுரத்தான்:
என்ன சொல்ல. கோர்ட் பற்றிச் சொன்னதை நான் மாற்றிக்கொள்ளவில்லை. ஆனால் இன்று காலை பால் சொசைட்டியில் அந்த அப்பாவைப் பார்த்தேன். பெண் எந்த ஊரில் இருக்கிறாள், உனக்குத் தெரியுமா என்று கேட்டார். எனக்குத் தெரியும். தெரியாது என்று சொல்லிவிட்டு வந்தேன்.