அப்பத்தா வீட்டு ஓலைக்கட்டு

*குழு: மன்னார்குடி குடும்பம் (சிங்கை)*

செல்வி அத்தை: ஈசூன் வீட்டு ஸ்டோர்ரூம்ல தகரப்பெட்டிக்கு அடியில கிடந்துச்சு. வெள்ளிக்கிழமை சாவி குடுக்கணும். யாரு எடுத்துக்கிறீங்க?

செல்வி அத்தை: [படம்]

தினேஷ்: ஐயோ காலமந்திரச் சுவடி!! படிச்சா நேரம் நிக்கும்னு அப்பத்தா சொல்லுமே 😳

பெரியப்பா: தொலைஞ்சு போச்சுன்னு 30 வருஷமா சொன்னாங்க. யாருன்னு நான் சொல்லல.

செல்வி அத்தை: அண்ணே ஆரம்பிக்காதீங்க

பிரியா: சம்பள நாளை முன்னாடி இழுக்க மந்திரம் இருக்கா பாருங்க

மணி மாமா: மேல வெள்ளையா பூஞ்சை. பால்கனி வெயில்ல போடு, சரியாயிடும்

குமார் சித்தப்பா: வெயில் கூடவே கூடாது மச்சான். பனையோலை சட்டுனு காய்ஞ்சா நரம்புப் போக்குல பிளந்துடும். ஒட்டியிருக்கிற ஓலையைப் பிரிக்காதீங்க, எழுத்தோட உரியும். ரப்பர் பேண்டை கத்திரியால வெட்டி எடுங்க, இழுக்க வேணாம். முகமூடி போட்டுக்கிட்டு மெல்லிய பிரஷால நரம்போட திசையிலேயே தட்டுங்க. ஓலைக்குத் தடவுற எலுமிச்சைப்புல் எண்ணெய் பூஞ்சை போன பிறகுதான். அதுவும் கீறி எழுதின ஓலைக்கு மட்டும், பஞ்சுல ஒத்தி. மேலாக மையில எழுதியிருந்தா அழிஞ்சே போகும்.

தினேஷ்: ஏர்கான் ரூம்ல வச்சா போதாதா

குமார் சித்தப்பா: ராத்திரி போட்டு பகல்ல நிறுத்துறதுதான் கெடுதல். ஈரப்பதம் ஏறி இறங்க ஓலை வளைஞ்சு விரியும். கேமரா வைக்கிற டிரை கேபினட் நல்லது. ஆனா ஈரப்பதத்தை 40%ல வைக்காதீங்க, மொறுமொறுன்னு ஆயிடும். 50லேர்ந்து 55. இங்க வெளியில சாதாரணமாவே 80க்கு மேல, அதான் பூஞ்சை.

பெரியம்மா: பூச்சி ஓட்டை இருக்கே குமாரு?

குமார் சித்தப்பா: ஓட்டையிலேர்ந்து புதுத் தூள் கொட்டினாதான் பூச்சி உயிரோட இருக்கு. கொட்டினா ரெண்டு பிளாஸ்டிக் பையில காத்து இல்லாம கட்டி, மைனஸ் 20 ஃப்ரீசர்ல ரெண்டு வாரம். வெளிய எடுத்ததும் ஒரு நாள் பையைத் திறக்கவே கூடாது, உள்ள தண்ணி கோத்துக்கும்.

சித்தி: நம்ம ஃப்ரீசர்ல ஞாயித்துக்கிழமைக்கு ஆட்டுக்கறி இருக்கு. ஓலைக்கு இடமில்ல

மணி மாமா: ஞாயிறு பிரியாணியா 😋

சித்தி: வந்து பாருங்க

கவிதா: முதல் ஓலை. டார்ச்சை பக்கவாட்டுல அடிச்சு எடுத்தேன் [படம்]

குமார் சித்தப்பா: சபாஷ், கீறல் நல்லா தெரியுது. எழுத்து தெரியணும்னு கரி தடவிடாதீங்க. இடது ஓரத்துல தமிழ் எண் இருக்கும், வரிசை கலையாம ரெண்டு பக்கமும் எடு. புள்ளி இல்ல, எ ஏ ஒண்ணாத்தான் இருக்கு, துணைக்காலும் (ா) ரகரமும் ஒரே மாதிரி. மெதுவாத்தான் படிக்கணும். தெரிஞ்ச வரைக்கும் "துரும்பு", "16 விரல்", "நாழிகை".

தினேஷ்: மந்திரம் எங்க

குமார் சித்தப்பா: நிழலை வச்சு நேரம் பாக்குற கணக்கு. துரும்புன்னா ஈர்க்குச்சி, அதை உன் விரலால 16 விரல்கடை (விரல் அகலம்) அளந்து வெட்டு. ஒரு துண்டு நிக்க, ஒண்ணு படுக்க மடி. நிக்கிறதோட நிழல் படுத்தது மேலேயே விழுந்து, நுனியில சரியா முடியணும். முடியலேன்னா மடிப்பை நகர்த்து. நிக்கிறது எத்தனை விரலோ, பொழுது விடிஞ்சு அத்தனை நாழிகை. மதியத்துக்கு மேல, பொழுது சாய அத்தனை பாக்கி. ஒரு நாழிகை 24 நிமிஷம்.

பிரியா: கீழ கார்பார்க்ல பார்த்தேன். 9 விரல் நிக்குது. 216 நிமிஷம், 9:36. ஃபோன்ல 10:40. தாத்தா கணக்கு ஃபெயில் 😂

குமார் சித்தப்பா: 6 மணியிலேர்ந்து கூட்டினியா? இங்க 7 மணி வாக்குல விடியுது. 10:36 வரும். நாம தீர்க்கரேகை 103.8 பாகையில இருந்துகிட்டு 120 பாகைக்காரன் நேரத்தை வச்சிருக்கோம், அதான் உச்சி வெயில் ஒரு மணிக்கு. உச்சி நேரத்துல மட்டும் இதை நம்பாதே, நிழல் ரொம்பக் குட்டையா இருக்கும்.

மணி மாமா: 1982 பொறந்தப்ப சிங்கப்பூர் கடிகாரத்தை அரை மணி முன்னாடி தள்ளி வச்சாங்களே, அதான் மந்திரம்

பெரியப்பா: ஜப்பான்காரன் 1942ல ஒன்றரை மணி தள்ளினான். அப்பா சொல்லுவாரு.

தினேஷ்: அப்ப மத்த ஓலையில மந்திரம் இருக்கலாம்ல?

குமார் சித்தப்பா: பிரிஞ்சாத்தான் தெரியும்.

கவிதா: விக்டோரியா ஸ்ட்ரீட் தேசிய நூலகத்துல கேட்டுப் பாக்கவா?

பெரியப்பா: குடும்பச் சொத்து. முதல்ல பேசணும்.

செல்வி அத்தை: பேசுங்க. வெள்ளிக்கிழமைக்குள்ள பேசுங்க

மணி மாமா: டிரை கேபினட் காசை யாரு குடுக்கிறது?

சித்தி: ஞாயிறு எத்தனை பேருன்னு மொதல்ல சொல்லுங்க

தினேஷ்: நாங்க 4

கவிதா: 2. சுவடியை அதுவரைக்கும் நான் வச்சுக்கிறேன், கேபினட் நண்பர்கிட்ட கேட்டிருக்கேன்

பெரியப்பா: அதுவரைக்கும்தான்.